ஆடிட் பாரா எங்கே தொலைகிறது?

2015 டிசம்பர் 1ஆம் தேதி இரவு செம்பரம்பாக்கம் ஏரியிலிருந்து விநாடிக்கு 29,000 கன அடி தண்ணீர் அடையாற்றில் இறங்கியது. கோட்டூர்புரம், சைதாப்பேட்டை, ஜாபர்கான்பேட்டை என்று கரையோரம் முழுக்க மூழ்கியது. அந்த வெள்ளத்தைப் பற்றி சிஏஜி (அரசுக் கணக்குகளைச் சரிபார்க்கும் இந்தியக் கணக்குத் தணிக்கைத் தலைவர்) தனியாக ஒரு தணிக்கை நடத்தி, இது மனிதர்கள் உண்டாக்கிய பேரிடர் என்று எழுதியது. வெள்ளச் சமவெளியை வகைப்படுத்தவில்லை, ஏரிக்கு அவசரகாலச் செயல்திட்டம் இல்லை, நீர்வரத்தை முன்கூட்டிக் கணிக்க ஏற்பாடு இல்லை என்று காரணங்களை அடுக்கியது. 2017ஆம் ஆண்டின் 4ஆம் எண் அறிக்கை அது. சட்டமன்றத்தில் வைக்கப்பட்டது 2018 ஜூலையில், கூட்டத்தொடர் முடிகிற தறுவாயில். வெள்ளம் வடிந்து இரண்டரை ஆண்டு தாண்டியிருந்தது.

மறுநாள் பத்திரிகைகளில் பெரிய தலைப்பு. ஓரிரு நாள் தொலைக்காட்சி விவாதம். அப்புறம்?

இந்தக் கட்டுரை அந்த 'அப்புறம்' பற்றியது. தணிக்கையில் கண்ட ஒவ்வொரு குறையையும் பற்றி எழுதும் பத்திதான் 'ஆடிட் பாரா'; அது எங்கே தொலைகிறது என்பதுதான் கேள்வி. மாநில அரசைக் கேள்வி கேட்கக் கருவி இல்லை என்று யாரும் சொல்ல முடியாது. தணிக்கை இருக்கிறது, பேரவைக் குழுக்கள் இருக்கின்றன, தகவல் உரிமைச் சட்டம் இருக்கிறது. ஆனால் கோப்பு நகரும் வழியில் சில இடங்களில் சட்டம் கெடு வைக்கவில்லை. வேறு சில இடங்களில் கெடு உண்டு, தாண்டினால் தண்டனை இல்லை. கோப்பு போய் உட்காருவது எப்போதும் இந்த இடங்களில்தான். அவை எவை என்று தெரிந்துகொண்டால் யாரிடம், எதை, எப்போது கேட்பது என்பது பெருமளவு தெளிந்துவிடும்.

பாரா பிறக்கும் விதம்

பத்திரிகையில் வரும் ஒரு வரிச் செய்திக்குப் பின்னால் குறைந்தது மூன்று கட்டம் இருக்கிறது. தேனாம்பேட்டை ஏ.ஜி. (மாநிலத்தில் சிஏஜியின் வேலையைச் செய்யும் மாநிலக் கணக்காயர்) ஆபீஸிலிருந்து ஒரு தணிக்கைக் குழு ஏதோ ஒரு கோட்டப் பொறியாளர் அலுவலகத்துக்கோ மாவட்ட மருத்துவமனைக்கோ போகிறது. ரொக்கப் பதிவேடு, அளவுப் புத்தகம், ஒப்பந்தக் கோப்பு, இருப்புப் பதிவேடு எல்லாம் பார்க்கிறது. சந்தேகம் வந்தால் அங்கேயே எழுத்தில் கேள்வி கொடுத்து, எழுத்தில் பதில் வாங்குகிறது. கிளம்பும்போது அலுவலகத் தலைவருடன் ஒரு கூட்டம். பிறகு ஆய்வு அறிக்கை வருகிறது. இதைத்தான் அலுவலகங்களில் 'ஐ.ஆர்.' என்பார்கள். கனமான விஷயங்கள் ஒரு பகுதியில், சில்லறை விஷயங்கள் இன்னொரு பகுதியில் இருக்கும். நான்கு வாரத்துக்குள் முதல் பதில் போக வேண்டும் என்பது விதி.

நான்கு வாரத்தில் பதில் போவது அபூர்வம். காரணம் சோம்பல் மட்டுமல்ல. ஐ.ஆர். வருவதற்குள் அந்தப் பணியைச் செய்த அதிகாரி மாறுதலில் போயிருப்பார். வந்தவருக்கு அது தன் தவறு இல்லை. ஆனால் பதிலில் ஒப்புக்கொண்டு எழுதினால் கையெழுத்து அவருடையது. அதனால் 'ஆவணங்கள் சரிபார்க்கப்பட்டு விவரம் பின்னர் அனுப்பப்படும்' என்று ஒரு வரி போகும். ஆண்டுக்கொரு முறை இருதரப்பும் உட்கார்ந்து நிலுவைத் தடைகளைத் தீர்க்கும் கூட்டமர்வு நடக்கும்போது சில்லறைப் பாராக்கள் கொத்தாகக் கழியும். பெரியவை தங்கும். ஒவ்வொரு சிஏஜி அறிக்கையிலும் எத்தனை ஆய்வு அறிக்கைகள், எத்தனை பாராக்கள், எத்தனை ஆண்டாகப் பதிலின்றிக் கிடக்கின்றன என்று துறைவாரியாகப் பட்டியல் உண்டு. பெரும்பாலான வாசகர்கள் புரட்டிவிட்டுப் போகும் பக்கம் அது. ஒரு துறையின் ஒழுங்கை எடைபோட அதைவிட நல்ல பக்கம் அறிக்கையில் இல்லை.

தங்கிய பெரிய விஷயங்களில் சில 'டிராப்ட் பாரா'வாக, அதாவது அறிக்கைக்கான வரைவுப் பத்தியாக, உயர்ந்து துறைச் செயலாளரின் மேசைக்குப் போகின்றன. அங்கே ஆறு வாரம். பதில் வந்தாலும் வராவிட்டாலும் பாரா அறிக்கைக்குள் போய்விடும். 'அரசின் பதில் பெறப்படவில்லை' என்ற வரியை அறிக்கைகளில் பார்த்திருப்பீர்கள். செயலாளர் நிலையில் இருப்பவருக்கு ஆறு வாரம் போதவில்லை என்றே அதற்குப் பொருள். அந்த வரி வரும் பாராக்களை எண்ணிப் பார்ப்பது நல்ல பழக்கம்.

எண்களைப் படிக்கும்போது இரண்டு எச்சரிக்கை. முதலாவது, தணிக்கை மாதிரி ஆய்வு. மாநிலம் முழுக்கப் பார்ப்பதில்லை. சில மாவட்டங்கள், சில அலுவலகங்கள், சில கோப்புகள். ஆகவே அறிக்கையில் இருக்கும் தொகை பார்த்த இடத்தில் கண்ட தொகை. அதை மாநிலம் முழுவதற்குமான இழப்பு என்று எழுதுவதும் தப்பு, 'இவ்வளவுதானா' என்று தேற்றிக்கொள்வதும் தப்பு.

இரண்டாவது, வகை. வீண்செலவு என்றால் பணம் போனது, பயன் எதுவும் இல்லை. தவிர்த்திருக்கக்கூடிய செலவு என்றால் வேலை நடந்தது, ஆனால் குறைவான தொகையில் முடித்திருக்கலாம். முடங்கிய நிதி என்றால் பணம் இன்னும் இருக்கிறது, வேலை நடக்கவில்லை. ஒப்பந்ததாரருக்குத் தகாத சலுகை என்றால் யாரோ ஒருவர் விதியை வளைத்திருக்கிறார். இந்த நான்கையும் கூட்டி 'இத்தனை கோடி ஊழல்' என்று அறிக்கை விடும் எதிர்க்கட்சிகள், ஆளும் தரப்புக்கு மிகச் சுலபமான ஒரு மறுப்பைக் கையில் கொடுக்கின்றன. முடங்கிய நிதியைக் காட்டி 'இந்தப் பணம் கருவூலத்தில்தான் இருக்கிறது, எங்கே ஊழல்?' என்று அமைச்சர் கேட்பார். அத்தோடு தகாத சலுகையும் சேர்ந்தே மறக்கப்படும்.

கெடு இல்லாத முதல் இடம்

அறிக்கை தயாரானதும் டெல்லியில் சிஏஜி கையெழுத்திட்டு மாநிலத்துக்கு வருகிறது. அரசமைப்புச் சட்டத்தின் 151(2) பிரிவு சொல்வது இவ்வளவுதான்: மாநிலக் கணக்குகள் குறித்த அறிக்கைகள் ஆளுநரிடம் அளிக்கப்பட வேண்டும், அவர் அவற்றைச் சட்டமன்றத்தின் முன் வைக்கச் செய்ய வேண்டும். எத்தனை நாளுக்குள் என்று அதில் இல்லை.

நடைமுறையில் நிதித்துறை கோப்பை வைத்திருக்கும், பேரவையில் எந்த நாளில் வைப்பது என்று அரசே முடிவு செய்யும். அந்த நாள் பெரும்பாலும் கூட்டத்தொடரின் கடைசி நாளாக அமைவதில் ஆச்சரியப்பட ஒன்றுமில்லை. கடைசி நாளில் வைத்தால் மறுநாள் பேரவை இல்லை. கேள்வி நேரம் இல்லை, கவன ஈர்ப்பு இல்லை, ஒத்திவைப்புத் தீர்மானம் இல்லை. அடுத்த கூட்டத்தொடர் வரும்போது செய்தி ஆறிப்போயிருக்கும். எந்தக் கட்சி ஆண்டாலும் இந்தப் பழக்கம் மாறியதில்லை.

இந்த ஓட்டை எவ்வளவு பெரியது என்பதை டெல்லி காட்டியது. அங்கே முந்தைய அரசின் காலத்தில் 14 சிஏஜி அறிக்கைகள் பேரவையில் வைக்கப்படாமல் தேங்கின. எதிர்க்கட்சி எம்.எல்.ஏ.க்கள் உயர் நீதிமன்றம் போனார்கள். 2025 ஜனவரியில் நீதிமன்றம், அறிக்கைகளை வைப்பது கட்டாயம், தாமதம் அளவுக்கு மீறியது என்று கண்டித்தது. ஆனால் இதற்காகப் பேரவையைக் கூட்டச் சொல்லி உத்தரவிட மறுத்துவிட்டது. ஆட்சி மாறிய பிறகு, பிப்ரவரி கடைசியில், மதுக் கொள்கை பற்றிய அறிக்கை அவைக்கு வந்தது. புது அரசு பழைய அரசின் கணக்கை அவசரமாக எடுத்து வைத்தது. தன் கணக்கை அதே வேகத்தில் வைக்குமா என்பது வேறு கேள்வி.

தமிழ்நாட்டிலும் அந்த வாடை உண்டு. 2001இல் பொன்னையன், 2021 ஆகஸ்ட் 9ஆம் தேதி பழனிவேல் தியாகராஜன் என்று, மாநில நிதிநிலை பற்றி வெள்ளை அறிக்கை வெளியிட்ட இரு நிதியமைச்சர்களும் ஆட்சி மாறிய சில மாதங்களிலேயே வெளியிட்டார்கள். 2021 அறிக்கை உழைத்து எழுதப்பட்ட ஆவணம். ஒவ்வொரு குடும்பத்தின் தலையிலும் 2,63,976 ரூபாய் பொதுக்கடன் என்ற எண் அதிலிருந்துதான் ஊரெல்லாம் பரவியது. ஆனால் ஆட்சிக்காலத்தின் நான்காம் ஆண்டில் தன்னைப் பற்றியே வெள்ளை அறிக்கை வெளியிடும் அரசை இன்னும் பார்க்கவில்லை. அந்த வேலையை ஆண்டுதோறும் செய்வது சிஏஜியின் மாநில நிதி அறிக்கை மட்டும்தான். அதனால்தான் அதன் தேதி முக்கியம்.

தேதியைக் கண்டுபிடிப்பது எளிது. சிஏஜியின் இணையதளத்தில் ஒவ்வொரு மாநில அறிக்கையின் பக்கத்திலும் இரண்டு தேதிகள் இருக்கும்: அரசுக்கு அனுப்பிய தேதி, பேரவையில் வைத்த தேதி. ஒன்றிலிருந்து மற்றதைக் கழியுங்கள். இடையில் பேரவை எத்தனை நாள் கூடியது என்பதைப் பேரவை நடவடிக்கைக் குறிப்புகளில் பாருங்கள். கூட்டத்தொடர் நடந்துகொண்டிருந்தும் அறிக்கை வைக்கப்படவில்லை என்றால், பேரவை கூடவில்லை என்ற சாக்கு செல்லாது. இந்தச் சின்னக் கணக்கை ஐந்தாறு அறிக்கைகளுக்குப் போட்டுப் பார்த்தால் வழக்கம் புலப்பட்டுவிடும்.

பொதுக் கணக்குக் குழு

அறிக்கை அவையில் வைக்கப்பட்டதும் துறைகள் பற்றிய பாராக்கள் தாமாகவே எம்.எல்.ஏ.க்கள் அடங்கிய பொதுக் கணக்குக் குழுவுக்கும், மின்வாரியம் போன்ற அரசு நிறுவனங்கள் பற்றியவை பொது நிறுவனங்கள் குழுவுக்கும் போகின்றன. துறை ஒவ்வொரு பாராவுக்கும் இரண்டு மாதத்துக்குள் விளக்கக் குறிப்பு தர வேண்டும். இது இரண்டாவது தேக்கம். குறிப்பு வராமல் குழு விசாரிக்க முடியாது. குறிப்பைத் தராத துறைக்கு ஒன்றும் ஆவதில்லை.

குழு கூடும்போது துறைச் செயலாளர் சாட்சியாக வருவார், அமைச்சர் வருவதில்லை. ஏ.ஜி. குழுவுக்குத் துணையாக உட்கார்ந்து கேள்விகளுக்கு எடுத்துக் கொடுப்பார். பொதுமக்களுக்கும் பத்திரிகையாளருக்கும் அனுமதி கிடையாது. கொள்கை சரியா என்று குழு கேட்காது. அவை ஒதுக்கிய பணம் ஒதுக்கிய வேலைக்கு, விதிப்படி, சிக்கனமாகச் செலவானதா என்பதே அதன் கேள்வி. முடிவில் பரிந்துரை. அதை ஏற்றே தீர வேண்டும் என்ற கட்டாயம் அரசுக்கு இல்லை. என்ன நடவடிக்கை எடுத்தோம் என்று பதில் அறிக்கை மட்டும் தர வேண்டும்.

இந்தக் குழுவுக்கு யார் தலைவர் என்பதில் ஒரு மரபு உண்டு. நாடாளுமன்றத்தில் 1967 முதல் எதிர்க்கட்சி உறுப்பினரே தலைவராக இருந்து வருகிறார். தமிழ்நாட்டில் 2021 தேர்தலுக்குப் பிறகு அமைந்த குழுவுக்குக் காங்கிரஸைச் சேர்ந்த செல்வப்பெருந்தகை தலைவரானார். காங்கிரஸ் அமைச்சரவையில் இல்லை, ஆனால் ஆளும் கூட்டணியில் இருந்தது. விதிப்படி இதில் குற்றம் சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் தொகுதிப் பங்கீட்டுக்காக ஆளுங்கட்சியுடன் பேச்சுவார்த்தை மேசையில் உட்கார வேண்டிய கட்சியிடம், அதே ஆளுங்கட்சியின் கணக்கைக் குடையும் பொறுப்பைக் கொடுப்பது சரியான ஏற்பாடு அல்ல. தனிமனிதர் எவ்வளவு நேர்மையானவர் என்பது இங்கே பொருட்டில்லை.

நம் ஊர்ப் பத்திரிகைகளில் இந்தக் குழுவைப் பற்றி வரும் செய்திகளில் பெரும்பாலானவை மாவட்ட ஆய்வுப் பயணங்கள்: ஆட்சியர் அலுவலகத்தில் கூட்டம், அரசு மருத்துவமனையில் நோயாளிகளிடம் விசாரிப்பு, விடுதியில் சாப்பாட்டை ருசி பார்ப்பது. படம் எடுக்க நன்றாக இருக்கும். பாரா நிலுவை குறைவது சென்னையில், கதவு மூடிய அறையில், செயலாளரை எதிரே உட்கார வைத்துக் கோப்பைப் புரட்டும் அமர்வுகளில். ஒரு குழுவின் ஆண்டு வேலையை அளக்க வேண்டுமானால் எத்தனை மாவட்டம் போனது என்று பார்க்காதீர்கள். எத்தனை அமர்வு, எத்தனை பாரா, எந்த ஆண்டின் அறிக்கை என்று பாருங்கள். மூன்றாவது கேள்விக்கான பதில்தான் பல சமயம் அதிரவைக்கும். நடப்பு ஆண்டுக்கும் குழுவின் மேசையில் இருக்கும் பாராவின் ஆண்டுக்கும் நடுவே ஒரு தேர்தல், சில நேரம் இரண்டு தேர்தல் ஓடியிருக்கும்.

இதே குழுவுக்கு இன்னொரு கடமையும் உண்டு, அதிகம் பேசப்படாதது. அவை ஒரு மானியக் கோரிக்கைக்கு (துறை அவையிடம் கேட்கும் ஒதுக்கீட்டுக்கு) ஒப்புதல் தந்த தொகையைத் தாண்டித் துறை செலவு செய்துவிட்டால், அரசமைப்புச் சட்டத்தின் 205ஆம் பிரிவின்படி அந்த மிகைச் செலவை அவையே பின்னர் முறைப்படுத்த வேண்டும். அதற்குமுன் பொதுக் கணக்குக் குழு பார்த்துப் பரிந்துரைக்க வேண்டும். மக்களின் பிரதிநிதிகள் அனுமதிக்காத பணம் செலவாகியிருக்கிறது என்பதே இதன் பொருள். மாநில நிதி அறிக்கையில், எந்தெந்த ஆண்டுகளின் மிகைச் செலவு இன்னும் முறைப்படுத்தப்படவில்லை என்ற அட்டவணை ஒன்று வரும். அதைப் பார்த்துவிட்டு, பட்ஜெட் மீது வாரக்கணக்கில் நடக்கும் விவாதத்துக்கு என்ன மதிப்பு என்று யோசிக்கத் தோன்றும்.

நான்கு ஆண்டு

தாமதத்தால் யாருக்கு லாபம்? அரசியல்வாதிக்கு உண்டு, அதைச் சொல்ல வேண்டியதில்லை. ஆனால் உண்மையான கணக்கு அரசு ஊழியர் விதிகளில் இருக்கிறது.

தமிழ்நாட்டில் துறை நடவடிக்கை என்றால் 17(அ), 17(ஆ) என்ற இரண்டு விதிகள். பேச்சு வழக்கில் '17ஏ', '17பி சார்ஜ் மெமோ'. முன்னது சிறு தண்டனைக்கு, பின்னது பெருந்தண்டனைக்கு. பணியில் இருப்பவர் மீது இவை பாயலாம். ஓய்வு பெற்றுவிட்டவர் மீது புதிதாக நடவடிக்கை தொடங்க வேண்டுமானால் 1978ஆம் ஆண்டின் ஓய்வூதிய விதிகளில் 9ஆம் விதி குறுக்கே நிற்கிறது: அரசின் அனுமதி வேண்டும், சம்பவம் நடந்து நான்கு ஆண்டுக்கு மேல் ஆகியிருக்கக் கூடாது.

இப்போது கூட்டிப் பாருங்கள். ஒப்பந்தம் ஒன்றில் தகாத சலுகை கொடுத்தது முதலாம் ஆண்டு. தணிக்கைக் குழு வருவது இரண்டாம் ஆண்டு. பாரா அறிக்கையில் ஏறி டெல்லி போய் வருவது மூன்றாம் ஆண்டு. அறிக்கை அவைக்கு வராமல் ஓராண்டு தங்கினால் நான்கு முடிந்தது. பொதுக் கணக்குக் குழு கையில் எடுக்கும் முன்பே கையெழுத்துப் போட்ட அதிகாரி ஓய்வு பெற்று, விதியின் நிழலில் பத்திரமாக இருப்பார். குழு 'பொறுப்பானவர் மீது நடவடிக்கை எடுக்க வேண்டும்' என்று பரிந்துரைக்கும். துறை 'சம்பந்தப்பட்ட அலுவலர் பணி ஓய்வு பெற்றுவிட்டதால் மேல்நடவடிக்கைக்கு வழியில்லை' என்று பதில் தரும். பாரா முடிவுக்கு வந்ததாகக் குறிக்கப்படும்.

ஓய்வு பெறும் நாளன்று மாலையில் தற்காலிகப் பணிநீக்க ஆணை கொடுக்கும் பழக்கம் தமிழ்நாட்டு அலுவலகங்களில் நெடுநாளாக இருந்ததற்கும் வேர் இதில்தான். நான்கு ஆண்டாகக் கோப்பைத் தூங்கவிட்டுவிட்டு, கடைசி நாளில் விழித்துக்கொண்டு, அதுவரை சம்பளமும் பதவி உயர்வும் கொடுத்தவரை வாசலில் நிறுத்துவது. குற்றம் செய்யாதவருக்கு அது கொடுமை, செய்தவருக்கு அது வெறும் தாமதக் கட்டணம்.

குற்றவியல் வழிக்கும் தன் பூட்டு உண்டு. ஊழல் தடுப்புச் சட்டத்தில் 2018இல் சேர்த்த 17ஏ பிரிவு (மேலே சொன்ன 17ஏ விதி வேறு), அதிகாரி எடுத்த முடிவு பற்றி விசாரணை தொடங்கவே அரசின் முன் அனுமதி வேண்டும் என்றது. ஊழல் புகார்களை விசாரிக்கும் அமைப்புக்கான தமிழ்நாட்டு லோக் ஆயுக்தா சட்டம் அதே 2018இல் தான் வந்தது. உச்ச நீதிமன்றம் கெடு விதித்த பிறகு வந்தது.

பேரவைக்குள் நழுவும் வழிகள்

தணிக்கை பின்னால் வருவது. முன்னால் கேட்க வேண்டியவர்கள் எம்.எல்.ஏ.க்கள். அவர்களின் கையைக் கட்டும் ஒரு விதியைத் தமிழ்நாட்டில் பள்ளிப் பிள்ளைகளும் அறிவார்கள்: 110. பொது முக்கியத்துவம் வாய்ந்த விஷயம் பற்றி அமைச்சர் அவையில் அறிக்கை படிக்கலாம். அதன்மீது கேள்வி கிடையாது, விவாதம் கிடையாது. அவசரத் தகவலை அவைக்குச் சொல்ல வைத்த ஏற்பாடு அது. ஜெயலலிதா காலத்தில் திட்ட அறிவிப்பின் முதன்மை வழியாக அது மாறியது. அவருக்குப் பின் வந்தவர்களும் விடவில்லை. சிக்கல் கைத்தட்டலில் இல்லை, பணத்தில் இருக்கிறது. பட்ஜெட்டில் இல்லாத திட்டம் 110இல் அறிவிக்கப்பட்டால் அதற்கான தொகை துணை மதிப்பீடுகளில் (பட்ஜெட்டுக்குப் பின் அவையிடம் கேட்கும் கூடுதல் ஒதுக்கீட்டில்) வர வேண்டும். துணை மதிப்பீடுகள் மீதான விவாதத்துக்குக் கிடைக்கும் நேரம் சொற்பம். ஆக ஒரு திட்டம் பிறக்கும்போதும் கேள்வியில்லை, பணம் ஒதுக்கும்போதும் ஏறத்தாழ இல்லை. அறிவிப்பைப் பின்தொடர விரும்பினால் அடுத்து வரும் துணை மதிப்பீட்டுப் புத்தகத்தில் அந்தத் துறையின் மானியக் கோரிக்கை எண்ணைத் திறந்து பாருங்கள். காவல்துறைக்கு 22, ஊரக வளர்ச்சிக்கு 42, பள்ளிக் கல்விக்கு 43. வெறும் ஆயிரம் ரூபாய் அடையாளத் தொகை மட்டும் இருந்தால், புதுத் திட்டத்துக்கு அவையின் ஒப்புதலை வாங்கிக்கொண்டு, துறையின் வேறு தலைப்பில் மிச்சமாகும் பணத்தை இங்கே திருப்பப் போகிறார்கள் என்று பொருள். ஒன்றுமே இல்லை என்றால் திட்டம் அறிவிப்போடு நிற்கிறது.

கேள்வி நேரத்தில் அமைச்சர்கள் தரும் பதில்களுக்கும் ஒரு கண்காணிப்புக் குழு உண்டு, அரசு உறுதிமொழிக் குழு. 'பரிசீலனையில் உள்ளது', 'நிதிநிலைக்கேற்ப ஆவன செய்யப்படும்' போன்ற வாசகங்கள் எவை உறுதிமொழி, எவை வெறும் மரியாதை என்று பிரித்து, உறுதிமொழியானவற்றை நிறைவேறும்வரை துரத்துவது அதன் வேலை. 2022 ஜனவரியிலிருந்து கேள்வி நேரம் நேரலையாகிறது. உங்கள் தொகுதிப் பாலத்துக்கு அமைச்சர் சொன்ன வாக்கியத்தைத் தேதியோடு குறித்துவைத்துக்கொண்டால், அது உறுதிமொழிப் பட்டியலில் ஏறியதா என்று ஆறு மாதம் கழித்துப் பேரவைச் செயலகத்தைக் கேட்கலாம்.

பட்ஜெட்டைப் படிக்கும்போது பலர் செய்யும் பிழை, இந்த ஆண்டின் ஒதுக்கீட்டைப் போன ஆண்டின் ஒதுக்கீட்டோடு ஒப்பிடுவது. இரண்டுமே வாக்குறுதி. பட்ஜெட் புத்தகத்தில் ஒவ்வொரு தலைப்புக்கும் நான்கு பத்தி எண்கள் இருக்கும்: இரண்டாண்டுக்கு முந்தைய உண்மைக் கணக்கு, நடப்பாண்டின் பட்ஜெட் மதிப்பீடு, திருத்திய மதிப்பீடு, வரும் ஆண்டின் மதிப்பீடு. முதல் பத்தியில் இருப்பதுதான் செலவு. அந்த ஆண்டின் பட்ஜெட் உரையை எடுத்து, அப்போது சொன்ன தொகையை இதன் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். தலைப்பின் முதல் நான்கு இலக்கம் நாடு முழுக்க ஒன்றே: 2 அல்லது 3இல் தொடங்கினால் வருவாய்ச் செலவு, 4 அல்லது 5இல் தொடங்கினால் மூலதனச் செலவு. 2210 மருத்துவமனையின் சம்பளமும் மருந்தும். 4210 அதன் கட்டடம். 3054 சாலைப் பராமரிப்பு, 5054 புதுச் சாலை. 2049 வட்டி.

செலவு என்று எழுதியிருப்பதும் எப்போதும் செலவல்ல. 8443இல் தொடங்கும் வைப்புக் கணக்குகள் இருக்கின்றன. மார்ச் கடைசி வாரத்தில், பணம் காலாவதி ஆகாமல் இருக்க, துறையின் தலைப்பிலிருந்து எடுத்து இப்படி ஒரு கணக்கில் போட்டுவிட்டால் பதிவேட்டில் செலவாகிவிட்டது. சாலையோ கட்டடமோ இன்னும் தொடங்கவே இல்லை. சிஏஜியின் மாநில நிதி அறிக்கைகள் பல மாநிலங்களில் திரும்பத் திரும்பச் சுட்டும் விஷயம் இது. நிலுவையில் இருக்கும் பயன்பாட்டுச் சான்றிதழ்களின் (பணம் உரிய வேலைக்குச் செலவானது என்று தரும் சான்றுகளின்) பட்டியலை இதோடு சேர்த்துப் படித்தால், 'நூறு சதவீதம் செலவிட்டோம்' என்ற பேச்சு எங்கிருந்து வருகிறது என்று புரியும். ஆண்டு முடியும்வரை காத்திருக்கவும் வேண்டாம். மாநிலத்தின் வரவு செலவு மாதாந்திரக் குறியீடுகள், தணிக்கைக்கு முந்தைய எண்களாக, சிஏஜி தளத்திலேயே வருகின்றன. மார்ச் மாதச் செலவு மற்ற மாதங்களின் சராசரியைப்போல் எத்தனை மடங்கு என்று அதில் கண்டுபிடித்துவிடலாம்.

மனு போடும் முறை

தகவல் உரிமை மனுவில் பெரும்பாலோர் தோற்பது 'ஏன்' என்று கேட்பதால். ஏன் அறிக்கை தாமதமாக வைக்கப்பட்டது என்று கேட்டால், சட்டத்தின்படி இது தகவல் அல்ல, கருத்து என்று ஒரு வரியில் முடித்துவிடுவார்கள். தாளைக் கேளுங்கள், தேதியைக் கேளுங்கள்.

முதலில் அறிக்கையின் பின்னிணைப்புக்குப் போய், உங்கள் ஊர் அல்லது வட்டாரம் வரும் பாராவைப் பிடியுங்கள். முன்பகுதியில் 'மாதிரி ஆய்வுக்கு உட்பட்ட 12 பணிகளில்' என்று பொத்தாம்பொதுவாக இருப்பது, பின்னிணைப்பில் பணியின் பெயர், இடம், தொகையோடு இருக்கும். பாரா எண்ணைக் குறித்துக்கொண்டு, அந்தத் துறையின் தலைமைச் செயலகப் பொதுத் தகவல் அலுவலருக்கு எழுதுங்கள். பத்து ரூபாய் நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டினால் போதும். கேட்க வேண்டியவை இவை: இந்த எண்ணுள்ள பாராவுக்குப் பேரவைச் செயலகத்துக்கு விளக்கக் குறிப்பு அனுப்பிய தேதி, அதன் நகல், வசூலிக்க வேண்டிய தொகை இருந்தால் வசூலித்த தொகையும் சலான் எண்ணும் தேதியும், எத்தனை பேர் மீது 17(அ), 17(ஆ) குற்றச்சாட்டுக் குறிப்பாணை எந்தத் தேதியில் வழங்கப்பட்டது. பெயர் கேட்காதீர்கள்; தனிநபர் தகவல் என்ற விலக்கு இப்போது முன்பைவிட அகலமாகிவிட்டது, பெயருக்காக முழு மனுவும் அடிபடும். நடப்புக் கோப்பு, குறிப்புக் கோப்பு இரண்டையும் நேரில் பார்வையிட அனுமதி என்று ஒரு வரி சேர்த்துக்கொள்ளுங்கள். கோப்பு எந்த மேசையில் எத்தனை மாதம் இருந்தது என்பது குறிப்புக் கோப்பில்தான் தெரியும்.

தவறான அலுவலகத்துக்குப் போய்விட்டால் ஐந்து நாளில் சரியான இடத்துக்கு அவர்களே மாற்றி அனுப்ப வேண்டும். பதிலுக்கு 30 நாள். வராவிட்டால் அல்லது மழுப்பலாக வந்தால் 30 நாளுக்குள் அதே துறையில் முதல் மேல்முறையீடு, பிறகு 90 நாளுக்குள் மாநிலத் தகவல் ஆணையத்துக்கு இரண்டாவது. வேண்டுமென்றே தாமதித்தவருக்கு நாளொன்றுக்கு 250 ரூபாய் வீதம் 25,000 வரை அபராதம் விதிக்கலாம். ஆணையம் விதிப்பது குறைவு, அதிலும் அங்கே நிலுவை நீளம்.

இரண்டு மறுப்புகள் அடிக்கடி வரும். ஒன்று, சட்டமன்ற உரிமை மீறல் என்று காட்டும், தகவல் உரிமைச் சட்டத்தின் 8(1)(சி) பிரிவு. அவையில் இன்னும் வைக்காத அறிக்கைக்கும் அதன் டிராப்ட் பாராவுக்கும் அது பொருந்தலாம். ஏற்கெனவே வைக்கப்பட்ட அறிக்கைக்குத் துறை எடுத்த நடவடிக்கைக்குப் பொருந்தாது. மேல்முறையீட்டில் வைத்த தேதியை எழுதினாலே போதும். அறிக்கை இன்னும் வெளிவராத நிலையில், டிராப்ட் பாராவை விட்டுவிட்டு, தணிக்கை நடந்த அலுவலகத்திலேயே ஐ.ஆர். நகலையும் அதற்குத் தந்த பதிலையும் கேட்பது நல்லது. இன்னொன்று, லஞ்ச ஒழிப்புத் துறைக்கு 2008இல் தமிழக அரசு கொடுத்த விலக்கு. அந்த விலக்கைத் தரும் 24(4) பிரிவே, ஊழல் குற்றச்சாட்டு தொடர்பான தகவலுக்கு அது செல்லாது என்றும் சொல்கிறது.

கிடைத்த தேதிகளை ஒரே தாளில் வரிசையாக எழுதுங்கள்: பணி நடந்த ஆண்டு, அறிக்கை அரசுக்கு வந்த நாள், அவையில் வைத்த நாள், விளக்கக் குறிப்பு போன நாள் அல்லது போகாத நிலை, குற்றச்சாட்டுக் குறிப்பாணை நாள். அந்தத் தாளை உங்கள் தொகுதி எம்.எல்.ஏ.விடம் கொடுக்கலாம், அவர் ஆளுங்கட்சி என்றால் பக்கத்துத் தொகுதியில் எதிர்க்கட்சிக்காரர் இருப்பார். பேரவையின் மனுக்கள் குழு மாவட்டத்துக்கு வரும்போது அங்கேயும் கொடுக்கலாம். பணி நடந்து மூன்று ஆண்டு முடிந்திருந்தால் மற்றதையெல்லாம் தள்ளிவைத்துவிட்டு, நான்கு ஆண்டுக் கெடு எந்தத் தேதியில் முடிகிறது என்பதை மட்டும் மேலே எழுதி, துறைச் செயலாளருக்கு ஸ்பீடு போஸ்டில், ஒப்புகையுடன், ஒரு பிரதி அனுப்பிவிடுங்கள். ஒப்புகை அட்டையைப் பத்திரமாக வையுங்கள். கெடு தவறிய பிறகு 'எங்கள் கவனத்துக்கு வரவில்லை' என்று குழுவிடம் சொல்வது அந்த அட்டை இருந்தால் கடினம்.